கையடக்கச் சுற்று ஒப்புருவாக்க மென்பொருள்: பழைய படிகளும் பாதுகாப்பான மாற்றுகளும்

ஆய்வுச் சுருக்கம்

மின்னணுவியல் ஆய்வகங்களில் 1990களைச் சேர்ந்த சுற்று ஒப்புருவாக்க மென்பொருள்கள், நிறுவத் தேவையில்லாத கையடக்கப் படிகளாக இன்றும் கைமாறி வருகின்றன. அவற்றை விலக்க வேண்டும் என்னும் அறிவுரை பெரும்பாலும் ‘பழையது, ஆகவே ஆபத்தானது’ என்ற அளவில் நின்றுவிடுகிறது. பழமை, கையடக்கத் தன்மை, மூலம் அறியப்படாமை ஆகிய மூன்றும் தனித்தனிப் பண்புகள் என்பதும், அவற்றுள் மூன்றாவதே கணினியின் பாதுகாப்பையும் ஆய்வு முடிவின் நம்பகத்தன்மையையும் ஒருங்கே கெடுப்பது என்பதும் இக்கட்டுரையின் கருத்து. எலக்ட்ரானிக்ஸ் ஒர்க்பெஞ்ச், மைக்ரோ-கேப் ஆகிய பழைய மென்பொருள்களும், என்ஜிஸ்பைஸ், கிகாட், ஈசிம், எல்டிஸ்பைஸ் முதலிய இன்றைய மென்பொருள்களும் இந்நோக்கில் எடைபோடப்படுகின்றன.

திறவுச்சொற்கள்: சுற்று ஒப்புருவாக்கம், ஸ்பைஸ், கையடக்க மென்பொருள், திறமூலம், மறுஆக்கத்திறன், இணைப்புப் பட்டியல்.

முன்னுரை

பென் டிரைவ் ஒன்றில் ஒரு கோப்புறை. அதனுள் ஓர் இயக்கக் கோப்பு. அதைச் சொடுக்கினால் திரையில் மின்தடை, மின்தேக்கி, டிரான்சிஸ்டர், அலைகாட்டி எல்லாம் வந்து நிற்கும். நிறுவ வேண்டியதில்லை; உரிம எண் கேட்பதில்லை; ஆய்வகப் பொறுப்பாளரின் கடவுச்சொல்லும் வேண்டியதில்லை. மின்னணுவியல் பயிற்றுவிக்கும் பல நிறுவனங்களில் ஒரு தலைமுறை மாணவர் சுற்று ஒப்புருவாக்கத்தைக் கற்றது இவ்வகைப் படிகளின் வழியாகவே. அவர்களுட் சிலர் இன்று விரிவுரையாளர்கள். தாம் கற்ற அதே கோப்புறையையே தம் மாணவர்க்கும் வழங்குகின்றனர். இதைக் கவனக்குறைவு என்று மட்டும் சொல்லிவிட முடியாது. எளிய இடைமுகம், பழைய கணினியிலும் தடையின்றி ஓடும் தன்மை, செய்முறைக் கையேட்டிலுள்ள படங்களோடு முற்றிலும் பொருந்தும் திரை ஆகியவை உண்மையான நன்மைகள். மாற்று எதுவாயினும் இந்நன்மைகளுக்கு ஈடு சொல்லியாக வேண்டும்.

இன்று இவ்வினா அவசரமாவதற்கு ஓர் உடனடிக் காரணமும் உண்டு. விண்டோஸ் 10 இயங்குதளத்துக்கான பொது ஆதரவு 2025 அக்டோபர் 14 அன்று முடிவுற்றது. அடுத்துவரும் விண்டோஸ் 11 கணினிகளுக்கு 64-பிட் வடிவில் மட்டுமே கிடைக்கிறது. 64-பிட் விண்டோஸில் 16-பிட் நிரல்கள் இயங்கா. 1990களின் மென்பொருள்களுட் பல 32-பிட் நிரல்களேயெனினும், அவற்றை நிறுவித் தரும் துணைநிரல் 16-பிட்டாக இருப்பது வழக்கம். ஆகவே உரிமத்துடன் வாங்கிய மூல வட்டு கையில் இருந்தும் நிறுவ இயலாமற் போகும் நிலையில், யாரோ பிரித்துவைத்த கையடக்கப் படி மட்டும் இயங்குகிறது. முறையான படி தோற்று முறையற்ற படி வெல்லும் இந்த விந்தையே சிக்கலின் தொடக்கம்.

ஸ்பைஸ்: ஒரு பொது வேர்

இன்று புழக்கத்திலுள்ள சுற்று ஒப்புருவாக்கிகளிற் பெரும்பாலானவை ஒரே வேரிலிருந்து கிளைத்தவை. கலிபோர்னியாப் பல்கலைக்கழகத்தின் பெர்க்லி வளாகத்தில் ரொனால்டு ரோரரின் வகுப்பிற் பிறந்த நிரலொன்றை அடிப்படையாகக் கொண்டு, டொனால்டு பெடர்சனின் வழிகாட்டலில் லாரன்ஸ் நேகல் உருவாக்கிய ஸ்பைஸ் 1973இல் வெளிப்படுத்தப்பட்டது. 1975இல் ஸ்பைஸ்-2 வந்தது. அது ஃபோர்ட்ரான் மொழியில் எழுதப்பட்டது. 1989இல் தாமஸ் குவார்ல்ஸ் சி மொழியில் எழுதிய ஸ்பைஸ்-3 வந்தது. மூலநிரலைத் தடையின்றி வழங்குவது பெர்க்லியின் கொள்கையாக இருந்தது. அதனால் வணிக நிறுவனங்களும் அதை எடுத்துத் தம் இடைமுகத்தை மேலே பொருத்தி விற்க முடிந்தது. 1984இல் மைக்ரோசிம் நிறுவனம் தனிக்கணினிக்கென வெளியிட்ட பிஸ்பைஸ் அவ்வாறு வந்ததே. கனடாவின் டொராண்டோ நகரில் இயங்கிய இன்டராக்டிவ் இமேஜ் டெக்னாலஜிஸ் நிறுவனத்தின் எலக்ட்ரானிக்ஸ் ஒர்க்பெஞ்சும் இம்மரபினதே. பிற்காலத்தில் அது மல்டிசிம் ஆயிற்று. 2005இல் நேஷனல் இன்ஸ்ட்ருமென்ட்ஸ் நிறுவனம் அதை வாங்கியது.

இப்பொது வேர் நம் விவாதத்துக்கு இன்றியமையாதது. எந்த ஸ்பைஸ் வழி நிரலும் உள்ளே செய்வது ஏறத்தாழ ஒன்றே: ஒவ்வொரு முனையிலும் கிர்க்காஃபின் மின்னோட்ட விதியை எழுதி, அச்சமன்பாடுகளை அணியாக அடுக்கி, நேரியல் அல்லாத உறுப்புகளுக்கு நியூட்டன்-ராப்சன் முறையில் தீர்வைப் படிப்படியாக நெருங்கி, காலத்தைச் சிறு துண்டுகளாக்கித் தொகையிடுதல். சுற்றின் விவரிப்பு ‘இணைப்புப் பட்டியல்’ எனப்படும் வெறும் உரைக்கோப்பு. வரிக்கு ஓர் உறுப்பு. அவ்வரியில் உறுப்பின் பெயர், அது இணையும் முனைகளின் எண்கள், மதிப்பு. 1970களில் இவ்வாறு எழுதப்பட்ட எளிய பட்டியலொன்றை இன்றைய என்ஜிஸ்பைஸில் இட்டால் சிறு திருத்தத்துடன், பல வேளைகளில் திருத்தமே இன்றி, ஓடுவதைக் காணலாம். ஆகவே ஓர் ஆய்வகம் பல்லாண்டுகளாகச் சேர்த்துவைத்த சொத்து மென்பொருளில் இல்லை, சுற்றுகளில் இருக்கிறது. அவற்றைப் பெயர்த்தெடுக்க வழியும் இருக்கிறது.

கையடக்கப் படி உருவாகும் விதம்

‘கையடக்கம்’ என்ற சொல் மூன்று வேறுபட்ட பொருள்களைக் குறிக்கிறது. முதலாவது, ஆக்கியோரே நிறுவல் வேண்டாதபடி அமைத்த மென்பொருள். என்ஜிஸ்பைஸின் விண்டோஸ் வடிவம் இத்தகையது. சுருக்கப்பட்ட கோப்பை விரித்துவிட்டு நேரே இயக்கலாம். இரண்டாவது, நிறுவப்பட்ட பழைய மென்பொருளின் கோப்புறையை அப்படியே படியெடுப்பது. விண்டோஸின் பதிவகத்தை அதிகம் சாராத 1990களின் நிரல்கள் இதற்கு இடங்கொடுத்தன. மூன்றாவது, வணிக மென்பொருளொன்றை அதன் துணைக்கோப்புகள், பதிவகக் குறிப்புகள் அனைத்துடனும் ஒரே இயக்கக் கோப்பினுள் பொதிந்து, ஒரு மெய்நிகர் உறைக்குள் ஓடச்செய்வது. பின்னர் வி.எம்.வேர் நிறுவனத்தின் தின்ஆப் ஆன தின்ஸ்டால் போன்ற கருவிகள் நிறுவனங்களின் முறையான தேவைக்காக உருவானவை. உரிமப் பூட்டை உடைத்த படிகளைப் பரப்புவோர்க்கும் அவையே உதவின.

முதல் வகை முற்றிலும் ஏற்கத்தக்கது. இரண்டாம் வகையைப் பற்றி, படி எங்கிருந்து வந்தது என்பதைப் பொறுத்தே சொல்ல முடியும். மூன்றாம் வகையில் ஆக்கியவர் யார், எதை மாற்றினார் என்பதை அறிய வழியே இல்லை. ஆனால் மாணவர் பார்வையில் மூன்றும் ஒன்றே: சொடுக்கினால் ஓடும் கோப்புறை.

இடர் எங்கே இருக்கிறது

பாதுகாப்பு பற்றிய பேச்சில் மிகைப்படுத்தல் எளிது. சுற்று ஒப்புருவாக்கி இணையத்தில் காத்திருந்து பிறரின் கட்டளைகளை ஏற்கும் நிரலன்று. மூல வட்டிலிருந்து நிறுவப்பட்ட பழைய ஒப்புருவாக்கி ஒன்று, வலையமைப்புடன் இணைக்கப்படாத கணினியில் ஓடுமாயின் அதனால் விளையக்கூடிய தீங்கு மிகக் குறைவு. பழமையை மட்டும் காட்டி அச்சுறுத்துவோர் இதைச் சொல்வதில்லை.

இடர் பிறப்பது வேறு இடங்களில். முதலில், நச்சுநிரல் தடுப்பியின் எச்சரிக்கை. பொதியப்பட்ட இயக்கக் கோப்புகளும் பூட்டு உடைக்கப்பட்ட கோப்புகளும், உள்ளே தீங்கு இருப்பினும் இல்லையெனினும், தடுப்பியால் ஐயத்துக்குரியவையாகக் காட்டப்படுகின்றன. ‘இது பொய் எச்சரிக்கை; தடுப்பியை நிறுத்திவிட்டு இயக்குக’ என்ற குறிப்பு இத்தகைய படிகளோடு சேர்ந்தே வருகிறது. அக்குறிப்பு பத்தில் ஒன்பது முறை உண்மையாகவே இருக்கட்டும். பத்தாவது முறையை அடையாளம் காணும் வழியை அது அழித்துவிடுகிறது. ஒரு வகுப்பு முழுவதும் எச்சரிக்கையைப் புறக்கணிக்கப் பழகுவது அம்மென்பொருள் ஓடும் கணினியோடு நிற்பதன்று. அதே மாணவர் நாளை வேறொரு கோப்பிலும் அப்படியே செய்வார்.

அடுத்தது எழுதத்தக்க கோப்புறை. முறையாக நிறுவப்பட்ட மென்பொருள் விண்டோஸின் ‘புரோகிராம் ஃபைல்ஸ்’ கோப்புறையில் இருக்கும். நிர்வாகியின் அனுமதியின்றி அங்கு எதையும் மாற்ற இயலாது. பென் டிரைவில் உள்ள கோப்புறையை எந்த நிரலும் மாற்றலாம். இயக்கக் கோப்பொன்று தனக்கு வேண்டிய டி.எல்.எல். கோப்புகளைப் பொதுவாக முதலில் தன் சொந்தக் கோப்புறையிலேயே தேடும். ஆகவே அங்கே அதே பெயரில் ஒரு போலிக் கோப்பை வைத்தாலே போதும். ஒப்புருவாக்கி திறக்கும்போதெல்லாம் போலியும் உயிர்பெறும். நூலகக் கோப்புகளைப் பாதுகாப்பின்றி ஏற்றுவதால் விளையும் இவ்வகைத் தாக்குதல் குறித்து மைக்ரோசாஃப்ட் 2010 ஆகஸ்டிலேயே அறிவுறுத்தல் வெளியிட்டது. பென் டிரைவ் வழியே நச்சுநிரல் பரவும் வரலாறும் நீண்டது. 2008இல் தோன்றிய கான்ஃபிக்கர், தானியங்கித் தொடக்க வசதியைப் பயன்படுத்திப் பரவியது. 2010இல் வெளிப்பட்ட ஸ்டக்ஸ்நெட், குறுக்குவழிக் கோப்பின் படத்தைக் காட்டுமிடத்தில் இருந்த ஓட்டையைப் பயன்படுத்தியது. இவ்வழிகள் பின்னர் அடைக்கப்பட்டன. ஆயினும் பயனரே விரும்பிச் சொடுக்கும் இயக்கக் கோப்பைத் தடுக்க இயங்குதளத்தால் முடிவதில்லை.

பழைய நிரல்கள் தம் அமைப்புகளைத் தம் கோப்புறையிலேயே எழுதும் வழக்கமுடையவை. விண்டோஸ் விஸ்டாவுக்குப் பின் அது தடுக்கப்பட்டது, அல்லது வேறிடத்துக்குத் திருப்பப்பட்டது. அமைப்புகள் ‘மறைந்துபோவதாக’ எண்ணிய பயனர்கள் நிர்வாகி உரிமையுடன் நிரலை இயக்கத் தொடங்கினர். மூலம் தெரியாத ஒரு கோப்புக்குக் கணினியின் முழு அதிகாரத்தையும் தருவது இதன் பொருள். மேலும், நினைவகத்தில் நிரலின் இருப்பிடத்தை ஒவ்வொரு முறையும் மாற்றி அமைக்கும் பாதுகாப்பு விஸ்டாவிலிருந்து விண்டோஸில் உள்ளது. அதற்கு ஏற்ப நிரல் தொகுக்கப்பட்டிருக்க வேண்டும். 1990களில் தொகுக்கப்பட்ட நிரலுக்கு அக்கவசம் கிடைப்பதில்லை. அக்காலத்தில் சுற்றுக் கோப்பைப் படிக்கும் பகுதியை எழுதியவர்கள், கோப்பு நண்பரிடமிருந்தே வரும் என்று நம்பி எழுதினர்.

இவையனைத்தையும் விடப் பெரிய செலவு ஒன்று உண்டு. பழைய மென்பொருளுக்காகவே பழைய கணினியையும் பழைய இயங்குதளத்தையும் காத்துவருவதே அது. விண்டோஸ் எக்ஸ்பியின் ஆதரவு 2014 ஏப்ரலிலும், விண்டோஸ் 7இன் பொது ஆதரவு 2020 ஜனவரியிலும் முடிந்தன. ஒரு செய்முறைப் பாடத்துக்காக அத்தகைய கணினியை நிறுவன வலையமைப்பில் விட்டுவைத்தால், ஆபத்து ஒப்புருவாக்கியிடமிருந்து வருவதில்லை. அதைத் தாங்கும் தளத்திலிருந்து வருகிறது.

முடிவின் நம்பகத்தன்மை

ஆய்வாளர்க்கு இதுவே முதன்மையானது. எனினும் குறைவாகவே பேசப்படுவது. ‘ஒப்புருவாக்கம் எலக்ட்ரானிக்ஸ் ஒர்க்பெஞ்ச் 5.12 கொண்டு செய்யப்பட்டது’ என்று ஆய்வேட்டில் எழுதினால், அவ்வெண் எதைச் சுட்டுகிறது? கையடக்கப் படியைப் பொறுத்தவரை எதையும் உறுதியாகச் சுட்டுவதில்லை. காரணம் எளிது. உறுப்புகளின் மாதிரிகளைப் பயனர் திருத்திச் சேமிக்கலாம். திருத்தம் அதே கோப்புறையில் தங்கும். கோப்புறை கைமாறும்போது திருத்தமும் கைமாறும். எவரோ ஒரு மாணவர் பயிற்சிக்காக டிரான்சிஸ்டரின் மின்னோட்டப் பெருக்கத்தை 100இலிருந்து 200 ஆக்கியிருக்கலாம். அடுத்தவர் அதையே மூல மதிப்பெனக் கொள்வார்.

இதன் விளைவைக் கணக்கிட்டே பார்க்கலாம். 12 வோல்ட் வழங்கல், 1 மெகா ஓம் அடிவாய் மின்தடை, 4.7 கிலோ ஓம் திரட்டி மின்தடை கொண்ட நிலைச் சார்புச் சுற்றை எடுத்துக்கொள்வோம். அடிவாய்-உமிழ்வாய் மின்னழுத்தம் 0.7 வோல்ட் எனின் அடிவாய் மின்னோட்டம் 11.3 மைக்ரோ ஆம்பியர். பெருக்கம் 100 என்றால் திரட்டி மின்னோட்டம் 1.13 மில்லி ஆம்பியர். திரட்டி மின்னழுத்தம் ஏறத்தாழ 6.7 வோல்ட். வழங்கலின் நடுவே அமையும் நல்ல செயற்புள்ளி இது. பெருக்கம் 200 என்றால் மின்னோட்டம் 2.26 மில்லி ஆம்பியர், மின்னழுத்தம் 1.4 வோல்ட்டுக்கு இறங்கிவிடும். சிறிதளவு சைகை வந்தாலே டிரான்சிஸ்டர் தெவிட்டும். வெளியீட்டு அலையின் அடிப்பாகம் வெட்டுப்படும். ஒரே வரைபடம், ஒரே பதிப்பு எண், இரு வேறு முடிவுகள். ஆய்வேட்டைச் சரிபார்ப்பவர் தம் படியில் அதை ஓட்டிப் பார்த்து, முடிவு பொருந்தவில்லை எனத் திருப்பியனுப்பினால் குற்றம் யாருடையது?

எந்தப் படியையும் நம்புமுன் கையால் கணக்கிடத்தக்க இரண்டு சுற்றுகளை அதில் ஓட்டிப் பார்ப்பது நல்ல வழக்கம். 1 கிலோ ஓம் மின்தடையும் 1 மைக்ரோஃபாரட் மின்தேக்கியும் தொடராக அமைந்த சுற்றுக்கு 5 வோல்ட் படியுயர்வைக் கொடுத்தால், 1 மில்லி நொடியில் மின்தேக்கியில் 3.16 வோல்ட் இருக்க வேண்டும். அதன் அரைத்திறன் அதிர்வெண் 159 ஹெர்ட்ஸ். இது நேரியல் பகுதியைச் சோதிக்கிறது. மற்றது டையோடு: ஸ்பைஸின் இயல்பு மாதிரியில் தெவிட்டு மின்னோட்டம் 10இன் அடுக்கு −14 ஆம்பியர், வெப்பநிலை 27 பாகை செல்சியஸ். அதன் வழியே 1 மில்லி ஆம்பியர் செலுத்தினால் முனைகளிடையே ஏறத்தாழ 0.655 வோல்ட் வரவேண்டும். வேறு மதிப்பு வந்தால் மாதிரி திருத்தப்பட்டுள்ளது, அல்லது அப்படியில் இயல்பு மாதிரியே வேறு. இரண்டில் எதுவாயினும் தெரிந்துகொள்ள வேண்டியதே.

சட்டம் பற்றிச் சுருக்கமாக

இந்தியப் பதிப்புரிமைச் சட்டம், 1957இன் 63பி பிரிவு, உரிமம் மீறிய கணினி நிரல் என அறிந்தே பயன்படுத்துவோர்க்கு ஏழு நாள் முதல் மூன்றாண்டு வரை சிறையும் 50,000 முதல் 2,00,000 ரூபாய் வரை தண்டமும் விதிக்கிறது. ஆதாயத்துக்காகவோ வணிக நோக்கிலோ பயன்படுத்தவில்லையெனில், காரணங்களைப் பதிவுசெய்து, சிறைத்தண்டனையின்றி 50,000 ரூபாய் வரை தண்டம் மட்டும் விதிக்க நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு. கல்விப் பயன்பாடு என்பதால் குற்றமே இல்லை என்று பொதுவாகக் கருதப்படுவது பிழை. நிறுவனம் மூடப்பட்டாலோ விற்பனை நின்றாலோ பதிப்புரிமை தானே அற்றுப்போவதும் இல்லை.

மாற்றுகளை எடைபோடல்

இங்கே மைக்ரோ-கேப்பின் வரலாறு பயனுள்ளது. 1980இல் தொடங்கப்பட்ட ஸ்பெக்ட்ரம் சாஃப்ட்வேர் நிறுவனம் 2019 ஜூலையில் தன் பணியை முடித்துக்கொண்டபோது, அதுவரை விலைக்கு விற்றுவந்த மைக்ரோ-கேப் 12 முழுப் பதிப்பையும் இலவசமாக வெளியிட்டது. அதற்கு இனிப் புதுப்பிப்பு வராது. அவ்வகையில் அதுவும் பழைய மென்பொருளே. ஆயினும் உரிமையாளரே விடுவித்ததால் உரிமச் சிக்கல் இல்லை. மூல வெளியீட்டோடு கோப்பை ஒப்பிட்டுப் பார்க்கவும் வழி உண்டு. பழமையும் ஆபத்தும் ஒன்றல்ல என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று தேவையில்லை. எனினும் மூலநிரல் வெளியிடப்படாததால், எதிர்கால விண்டோஸ் ஒன்றில் அது ஓடாமற் போனால் சீர்செய்ய எவராலும் இயலாது.

நேர்மாறான வரலாறு பால் ஃபால்ஸ்டாடின் சுற்று ஒப்புருவாக்கியினுடையது. முதலில் அது ஜாவா குறுநிரலாக உலாவியில் ஓடியது. குரோம் 2015இலும் ஃபயர்ஃபாக்ஸ் 2017இலும் அத்தகைய செருகுநிரல்களுக்கான ஆதரவைக் கைவிட்டபோது அது செத்திருக்க வேண்டும். மூலநிரல் திறந்திருந்ததால் இயன் ஷார்ப் அதை ஜாவாஸ்கிரிப்டுக்குப் பெயர்த்தார். இன்றும் அது உலாவியில் எதையும் நிறுவாமல் ஓடுகிறது. மின்னோட்டம் புள்ளிகளாக நகர்வதைக் கண்ணாற் காணலாம். சாவியைச் சொடுக்கினால் அந்நொடியே விளைவு தெரியும். பழைய ஒர்க்பெஞ்சை ஆசிரியர் விரும்பியது இவ்வுடனடித் தன்மைக்காகவே. முதலாண்டு வகுப்புக்கு வேறெதையும் தேட வேண்டியதில்லை என்பது என் கருத்து. ஆய்வேட்டுக்கு மட்டும் அது போதாது.

ஆய்வுப் பணிக்கு என்ஜிஸ்பைஸ் முதல் தெரிவு. ஸ்பைஸ்-3இன் நேர்வழித்தோன்றல், திறமூலம், தொடர்ந்து பராமரிக்கப்படுகிறது. தனக்கென வரைபட இடைமுகம் இல்லாமையே குறை. கிகாட் 2018இல் வெளிவந்த தன் ஐந்தாம் பதிப்பிலிருந்து என்ஜிஸ்பைஸை உள்ளிணைத்துக்கொண்டதால் அக்குறை பெரிதும் நீங்கியது. வரைந்த சுற்றை ஒப்புருவாக்கிப் பார்த்து, அதிலிருந்தே அச்சுப்பலகையும் வடிவமைக்கலாம். மும்பை இந்தியத் தொழில்நுட்பக் கழகத்தின் ஃபாஸ்ஸீ திட்டம் உருவாக்கிய ஈசிம், இவ்விரண்டையும் கற்பித்தலுக்கு ஏற்ற வகையில் ஒன்றிணைக்கிறது. கல்லூரி ஆய்வகங்களைத் திறமூலத்துக்கு மாற்ற உதவும் பணியும் அத்திட்டத்தில் உண்டு. அதே கழகத்தில் தோன்றிய ஸ்போகன் டுடோரியல் திட்டம் பல திறமூல மென்பொருள்களுக்கான பயிற்சிக் காணொலிகளைத் தமிழிலும் தருகிறது. ஸ்பைஸ் பின்னணியுடன் இயங்கும் க்யூக்ஸ்-எஸ், சாண்டியா தேசிய ஆய்வகம் வெளியிட்ட சைஸ் ஆகியவை சிறப்புத் தேவைகளுக்கு உரியவை.

எல்டிஸ்பைஸ் மிகப் பரவலானது. லீனியர் டெக்னாலஜியில் மைக் எங்கல்ஹார்ட் உருவாக்கியது. 2017இல் அந்நிறுவனத்தை வாங்கிய அனலாக் டிவைசஸ் அதைப் பராமரிக்கிறது. இலவசம், முனை எண்ணிக்கைக்கு வரம்பில்லை. பிஸ்பைஸ் 9.1 மாணவர் பதிப்பின் 64 முனை வரம்போடு போராடியோர்க்கு இதன் அருமை தெரியும். ஆனால் இது திறமூலமன்று. அலைவடிவத் தரவை இயல்பாகவே சுருக்கிச் சேமிக்கும் என்பதையும் நினைவிற் கொள்ளவேண்டும். ஃபூரியர் பகுப்பாய்வு செய்வோர் ‘பிளாட்வின்சைஸ்’ என்னும் அளவைச் சுழியாக்காவிடில், சுற்றில் இல்லாத இரைச்சல் நிறமாலையில் தோன்றும்.

ஒர்க்பெஞ்சின் கருவிகளுள் ஆசிரியர்கள் விடமனமின்றி இருப்பது தர்க்க மாற்றி: உண்மை அட்டவணையிலிருந்து பூலியன் கோவை, அதிலிருந்து சுற்று. ஸ்பைஸ் வழி மாற்றுகளில் இதைத் தேடுவது வீண். எண்ணியல் சுற்றுகளுக்கெனத் தனியே உள்ள லாஜிசிம்-எவல்யூஷனின் கூட்டுப் பகுப்பாய்வுச் சாளரம் இதே பணியைச் செய்கிறது. ஒரு பழைய மென்பொருளுக்கு ஒரே புதிய மென்பொருளை ஈடாகத் தேடுவதால்தான் பல மாற்று முயற்சிகள் தோற்கின்றன. இரண்டு அல்லது மூன்றாகப் பிரித்துக்கொள்வதே நடைமுறைக்கு ஒத்தது.

புதியவை குறையற்றவை என்பதன்று இதன் பொருள். 2024 மார்ச்சில், லினக்ஸ் அமைப்புகளில் பரவலாகப் பயன்படும் எக்ஸ்.இசட். சுருக்க நிரலில் திட்டமிட்டுப் பதிக்கப்பட்ட பின்கதவு கண்டுபிடிக்கப்பட்டது. திறமூலமும் நஞ்சூட்டப்படலாம் என்பதற்கு அது சான்று. மாற்றங்களின் வரலாறு திறந்திருந்ததால் அதைப் பின்தொடர்ந்து காணமுடிந்தது என்பதற்கும் அதுவே சான்று. இணையவழி ஒப்புருவாக்கிகளிற் சுற்று பிறர் சேவையகத்தில் சேமிக்கப்படுவதுண்டு. காப்புரிமைக்கு விண்ணப்பிக்கவுள்ள வடிவமைப்பை அங்கு வரைவது அறிவுடைமையன்று.

பழைய சுற்றுகளைப் பெயர்த்தல்

ஒர்க்பெஞ்ச் கோப்புகளைப் பின்வந்த மல்டிசிம் திறக்கும். அதன் உரிமம் இல்லாதோர், பழைய நிரலிலிருந்தே இணைப்புப் பட்டியலாக ஏற்றுமதி செய்து என்ஜிஸ்பைஸிலோ எல்டிஸ்பைஸிலோ படிக்கச் செய்யலாம். வரைபடம் போய்விடும், சுற்று தங்கும். பெயர்ப்பில் இடறும் இடங்கள் சில எப்போதும் ஒரே வகையின.

முதலாவது அலகு. ஒர்க்பெஞ்சில் மெகா ஓமைப் பட்டியலிலிருந்து தெரிவுசெய்வோம். ஸ்பைஸில் எண்ணை அடுத்து ‘எம்’ என்ற எழுத்தை இட்டால், பெரிய எழுத்தாயினும் சிறிய எழுத்தாயினும், அது மில்லி. மெகாவுக்கு ‘மெக்’ என மூன்றெழுத்து இடவேண்டும். அவ்வாறே மின்தேக்கியின் மதிப்பில் ‘எஃப்’ என்பது ஃபாரட் அன்று, ஃபெம்டோ. மேலே கண்ட சார்புச் சுற்றில் 1 மெகா ஓம் 1 மில்லி ஓமாகிவிட்டால் நிரல் பிழை சொல்லாது. பொருளற்ற மின்னோட்டத்தைக் காட்டிவிட்டு நிற்கும்.

இரண்டாவது ‘இலட்சிய’ உறுப்புகள். ஒர்க்பெஞ்சின் டையோடும் டிரான்சிஸ்டரும் வேறு தெரிவு செய்யாவிடில் இலட்சிய மாதிரியையே கொள்ளும். செயற்பாட்டுப் பெருக்கியை வழங்கல் முனைகளே இன்றி வரையலாம். புதிய நிரலில் உண்மையான உறுப்பின் மாதிரியை இட்டால் முடிவு சற்றே மாறும். அது பிழையன்று, பழைய கையேட்டின் ‘எதிர்பார்க்கும் விடை’தான் திருத்தப்படவேண்டியது. மாணவர் இவ்வேறுபாட்டை விளக்கச் சொல்லப்படுவாராயின், பெயர்ப்பே ஒரு நல்ல செய்முறையாகும்.

மூன்றாவது அலையியற்றி. ஸ்பைஸ் முதலில் நேர்மின் செயற்புள்ளியைக் கண்டுபிடித்து அங்கிருந்து காலத்தைத் தொடங்குகிறது. சமச்சீரான அலையியற்றியில் அப்புள்ளி, கத்திமுனையில் நின்ற கோல்போல, நிலையற்ற சமநிலையாக இருக்கும். உண்மைச் சுற்றில் வெப்ப இரைச்சல் அதைத் தள்ளிவிடும். ஒப்புருவாக்கத்தில் தள்ளுவார் இல்லை. தொடக்க நிபந்தனை ஒன்றையோ, வழங்கல் சுழியிலிருந்து எழுவதையோ கொடுத்தால் அலை எழும்.

ஓடும்போதே சாவியைத் திருப்பும் வசதி புதிய ஆய்வுநிலை நிரல்களிற் பொதுவாக இல்லை. குறித்த நேரத்தில் மாறும் மின்னழுத்த மூலத்தால் கட்டுப்படுத்தப்படும் சாவியை வரையவேண்டும். தொடக்கத்தில் சுமையாகத் தோன்றினும், சாவி எந்த நொடியில் திறந்தது என்பது பதிவாகிவிடுவதால் அதே சோதனையை மறுபடியும் அப்படியே செய்ய முடிகிறது.

தனிமைப்படுத்தலும் பதிவும்

பழைய கோப்புகளைத் திறந்து பட்டியலாக மாற்றுவதற்கேனும் பழைய நிரல் சில காலம் வேண்டியிருக்கும். உரிமத்துடன் பெற்ற மூலப்படி இருப்பின், அதை வலையமைப்புத் துண்டிக்கப்பட்ட மெய்நிகர் கணினிக்குள் நிறுவி, அக்கணினியின் நிலையை ஒருமுறை சேமித்துவைத்து, பயன்படுத்தியபின் ஒவ்வொரு முறையும் அந்நிலைக்கே திருப்புவது போதிய காப்பு. உள்ளே 32-பிட் விண்டோஸ் இருந்தால் 16-பிட் நிறுவியும் ஓடும். முன்னுரையிற் கண்ட தடை அங்கே எழுவதில்லை. மூலம் தெரியாத படிக்கு இவ்வழி பரிந்துரைக்கத்தக்கதன்று. தனிமைப்படுத்தல் கணினியைக் காக்கும். திருத்தப்பட்ட மாதிரியிலிருந்து முடிவைக் காக்காது.

ஆய்வேட்டிலும் கட்டுரையிலும் நிரலின் பெயரோடு நின்றுவிடாமல் முழுப் பதிப்பு எண், இயங்குதளம், பதிவிறக்கிய இடம், கோப்பின் எஸ்.எச்.ஏ-256 சரிபார்ப்பு மதிப்பு, பயன்படுத்திய உறுப்பு மாதிரிகளின் முழு வரிகள், வெப்பநிலை, ஒப்பீட்டுப் பிழை வரம்பு ஆகியவற்றைத் தருதல் வேண்டும். ஸ்பைஸின் இயல்பில் ஒப்பீட்டுப் பிழை வரம்பு 0.001; அதைத் தளர்த்தி ஒருங்கச் செய்திருந்தால் அதையும் சொல்லவேண்டும். இணைப்புப் பட்டியல் உரைக்கோப்பாக இருப்பதால் சுற்று, மாதிரி, அமைப்புகள் மூன்றும் அதற்குள்ளேயே அடங்கிவிடுகின்றன. முதுநிலை ஆய்வேட்டில் வரும் சராசரிப் பெருக்கிச் சுற்றொன்றுக்கு அது பின்னிணைப்பில் ஒரு பக்கத்துக்கு மேல் பிடிப்பதில்லை; ஏட்டைச் சரிபார்ப்பவர் அப்பக்கத்தைத் தட்டச்சிட்டு, தம் கணினியிலுள்ள எந்த ஸ்பைஸிலும் ஓட்டிப் பார்க்கலாம்.